அக்கானி புளிக்கும் முன்: நாகர்கோவிலில் ஒரு காலை நடை

நாகர்கோவிலில் பத்துப் பேரைக் கூட்டிக்கொண்டு சாப்பாட்டு நடை போகிறவர் முதலில் கடிகாரத்தைப் பார்க்க வேண்டும். கடைகளை அப்புறம் பார்க்கலாம். இந்த ஊரில் ஒவ்வொரு தீனிக்கும் ஒரு நேரம் உண்டு. வடசேரிச் சந்தையில் வாழைக்குலை விடியலில் இறங்கும். பனையின் பதநீரைத்தான் இங்கே அக்கானி என்போம்; அது வெயில் ஏறும் வரைதான் அக்கானி. மரச்சீனியும் (மரவள்ளிக்கிழங்கு) மீன்கறியும் பத்து மணிக்கு மேல்தான் அடுப்பிலிருந்து இறங்கும். ரசவடை முழுக்க முழுக்கச் சாயங்காலப் பண்டம். காலையில் வற்புறுத்திக் கேட்டால் நேற்று மிஞ்சியது தட்டில் வரலாம். இந்த நேரங்களை முதலில் எழுதிவைத்து, அதற்குள் தெருக்களைக் கோர்த்தால் நடை சரியாக அமையும். தெருவை முதலில் முடிவு செய்துவிட்டுத் தீனியைச் செருகினால் எல்லாமே ஆறியோ புளித்தோ கைக்கு வரும்.

ஒயின் விளையும் ஊர்களில் இப்படிப்பட்ட நடைகள் வழக்கம். அங்கே வழிகாட்டி மூன்று நான்கு வகை ஒயினை ஆளுக்கு 50 மில்லிக்கு மிகாமல் ஊற்றுவார். வெள்ளை முதலில், சிவப்பு பிறகு. இனிப்புக் குறைந்தது முதலில், கூடியது கடைசியில். இடையிடையே ரொட்டித் துண்டு, பாலாடைக்கட்டி. பார்த்து, முகர்ந்து, ஒரு வாய் எடுத்து நாக்கில் சுற்றவிட்டு விழுங்குவது முறை. கொஞ்சமாக, வரிசையாக, நிதானமாக என்ற அந்த ஒழுங்கை நாம் அப்படியே எடுத்துக்கொள்ளலாம். குமரி மாவட்டத்தில் ஒயினின் இடத்துக்கு அக்கானியும் தேனும் இருக்கின்றன.

கள் கிடைக்குமா என்று கட்டாயம் கேட்பார்கள். தமிழ்நாட்டில் 1987 முதல் கள்ளுக்குத் தடை. களியக்காவிளை எல்லையைத் தாண்டினால் கேரளத்தில் உரிமம் பெற்ற கள்ளுக்கடைகள் உண்டு, இங்கே இல்லை. கிறிஸ்துமஸுக்கு வீட்டில் போடும் திராட்சை ஒயினும் அனுமதியில்லாமல் செய்தால் மதுவிலக்குச் சட்டத்துக்குள் வரும். ஆகவே முன்பதிவு செய்யும்போதே இல்லை என்று சொல்லிவிட வேண்டும். தெருவில் நின்று சொன்னால் அது பேரமாகிவிடும்.

எந்த மாதம் என்றால், மாசி பங்குனி. பிப்ரவரி பாதியிலிருந்து ஏப்ரல் பாதி வரை என்று வைத்துக்கொள்ளுங்கள். தென்மேற்குப் பருவமழையும் வடகிழக்குப் பருவமழையும் இரண்டுமே நனைக்கிற மாவட்டம் இது. ஜூன் தொடங்கி டிசம்பர் வரை குடையில்லாமல் ஒரு நடையைத் திட்டமிட முடியாது. பனை ஏறுவதும் ரப்பர் தேன் எடுப்பதும் அந்த உலர்ந்த மாதங்களில்தான். மீனுக்கு வேறு கணக்கு இருக்கிறது. விசைப்படகுத் தடைக்காலம் கிழக்குக் கடலில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, மேற்குக் கடலில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. இந்த மாவட்டத்துக்கு இரண்டு கடலும் உண்டு என்பதால் கன்னியாகுமரி பக்கம் தடை இருக்கும்போது குளச்சல் பக்கம் மீன் இறங்கும். ஜூன் முதல் பாதியில் மட்டும் இரண்டும் சேர்ந்து மூடும். அப்போது வள்ளத்தில் போய்ப் பிடித்து வரும் சாளையோ (மத்தி) நெத்திலியோதான் வரும், விலையும் ஏறியிருக்கும்.

கூட்டம் எட்டுப் பேர், மிஞ்சினால் பத்து. அதற்கு மேல் போனால் கோட்டாறு தெருக்களில் பின்வரிசைக்குப் பேச்சு கேட்காது. கடைசியில் நடந்து வர இன்னொருவர் வேண்டும். சாலையைக் கடக்கும்போது வரிசை அறுந்து பாதிப்பேர் அந்தப் பக்கம் நிற்பது முதல் அரைமணியிலேயே நடக்கும். தனியாள் பதினைந்து நிமிடத்தில் நடக்கிற கிலோமீட்டரைக் கூட்டமாக நடக்க 25 நிமிடம் ஆகும். வடசேரியில் தொடங்கி நாகராஜா கோயில், மணிக்கூண்டு வழியாகக் கோட்டாறு போய் முடிக்கச் சுமார் நாலு கிலோமீட்டர். நிறுத்தங்களோடு சேர்த்து நாலரை மணி நேரம். காலை ஆறரைக்குத் தொடங்கினால் பதினொன்றுக்கு முடிக்கலாம்.

அளவில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். மூன்றாவது கடையிலேயே வயிறு நிறைந்துவிட்டால் பிறகு வருவதெல்லாம் தண்டனை. முழு நடைக்கும் ஆளுக்கு அரைக்கிலோவுக்கு மேல் திடப்பொருள் போகக்கூடாது என்று ஒரு கணக்கு வைத்துக்கொண்டு அதைப் பங்கிடுங்கள். புட்டு பாதிக் குற்றி, ஆப்பம் ஒன்று, சிப்ஸ் ஒரு கைப்பிடி, மரச்சீனி ஒரு சிறு தட்டு. ஒவ்வொரு நிறுத்தத்துக்கும் பிறகு ஒரு மிடறு வெறும் தண்ணீரும் ஒரு பிடி வெறும் அவலும் கொடுத்தால் நாக்கு பழைய சுவையை விட்டுவிடும். ஒயின் நடையில் ரொட்டி செய்கிற வேலையை அவல் செய்யும்.

தொடக்கம் வடசேரி கனகமூலம் சந்தையில், வாழைப்பழத்தில். வெறும் வயிற்றில், இனிப்பு எதுவும் படாத நாக்கில் பழத்தைத் தொடங்க வேண்டும். மட்டி, ரசகதலி, பாளையங்கோட்டன், செந்தொழுவன் (செவ்வாழை), ஏத்தன் (நேந்திரன்) என்று ஐந்து வகை போதும். முழுப்பழமாகக் கொடுக்காதீர்கள், மட்டியைத் தவிர மற்றதையெல்லாம் விரலளவு துண்டாக நறுக்குங்கள். வரிசையும் முக்கியம். பாளையங்கோட்டனில் தொடங்குங்கள், அடக்கமான இனிப்பு, மற்றதை அளக்க ஒரு படி மாதிரி. பிறகு ரசகதலியின் புளிப்பு, அடுத்து மட்டி. செந்தொழுவனின் மாவுத்தன்மையும் ஏத்தம்பழத்தின் கனமும் கடைசியில். ஏத்தம்பழத்தை முதலில் கொடுத்துவிட்டால் அதன்பின் மட்டியின் மணம் தெரியாது.

மட்டியைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேசலாம். கல்குளம், விளவங்கோடு பக்கத்துச் சிறு பழம். மெல்லிய தோல், தேன்மணம், இனிப்புக்கு அடியில் ஒரு சின்னப் புளிப்பு. இங்கே குழந்தைக்குப் பால் தவிர முதலில் ஊட்டும் உணவு பெரும்பாலும் இதுதான். கன்னியாகுமரி மட்டி வாழைக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. செம்மட்டி, தேன்மட்டி என்று உள்வகைகளும் உண்டு. பழுத்த மட்டி ஓரிரு நாளில் குழைந்துவிடும், சீப்பிலிருந்து உதிரவும் செய்யும். வெளியூர்க் கடைகளில் இது அரிதாக இருக்கக் காரணம் அதுதான். நடைக்கு வாங்கும்போது காம்பில் இலேசாகப் பச்சை தங்கி, வயிற்றுப்பகுதி மஞ்சளான சீப்பைக் கேளுங்கள். முழுக்க மஞ்சளாக மினுங்கிக்கொண்டு காம்பு மட்டும் கரும்பச்சையாக இருந்தால் வலிந்து பழுக்கவைத்தது, மணம் இருக்காது. முதல் நாளே கடைக்காரரிடம், "அண்ணாச்சி, நாளைக்குக் காலையில பத்துப் பேருக்கு, ஓரோ சீப்பு பழுத்தது வேணும்" என்று சொல்லிவைத்தால் எடுத்துவைப்பார். விடியலில் சந்தையின் மும்முரத்தில் பத்துப் பேரோடு போய் நின்று கேட்டால் அவருக்குத் தொந்தரவு, உங்களுக்கு இரண்டாந்தரப் பழம். குலை சுமப்பவர்கள் வருகிற வழியில் கூட்டத்தை நிறுத்தாதீர்கள்.

காலை உணவு ஏழேகால் வாக்கில். புட்டும் பயறும் போதும், இல்லையென்றால் ஆப்பம். ஆப்பத்துக்கு ஒன்றே விதி: சட்டியிலிருந்து நேரே தட்டுக்கு வர வேண்டும். அடுக்கி வைத்த ஆப்பத்தின் ஓரம் ஐந்து நிமிடத்தில் துவண்டுவிடும்.

நாகராஜா கோயிலுக்கு எட்டு மணிக்குள். மீன் சாப்பிட்டுவிட்டுக் கோயிலுக்குள் வரப் பலரும் விரும்பமாட்டார்கள் என்பதால் கோயில் எப்போதும் மீனுக்கு முன்னால் வர வேண்டும். மூலவர் சன்னதியின் கூரை இன்றும் ஓலைதான், ஆண்டுதோறும் மாற்றி வேய்கிறார்கள். தூண்களில் மகாவீரர், பார்சுவநாதர் சிற்பங்கள் இருப்பதைக் காட்டுங்கள். சமணத்தோடு இந்த இடத்துக்கு இருந்த பழந்தொடர்புக்கு அவை சாட்சி. பிரசாதமாகத் தருவது மண். ஆண்கள் சட்டையைக் கழற்றுவது இந்த மாவட்டத்துப் பல கோயில்களில் வழக்கம். அதை முந்தின நாளே சொல்லிவிடுங்கள், வாசலில் சொன்னால் சிலர் கூசி வெளியே நின்றுவிடுவார்கள்.

இனி அக்கானி. எட்டரை மணி. இந்த நடையின் நடுத்தூண் இதுதான்.

பனையின் பாளையை இடுக்கி நசுக்கிப் பதப்படுத்தி, நுனியை நாள்தோறும் மெல்லிசாகச் சீவிக் கலயத்தைக் கட்டுவார்கள். காலையும் மாலையும் மரம் ஏற வேண்டும். ஆண்பனையை அலகுப்பனை என்றும் பெண்பனையைப் பருவப்பனை என்றும் சொல்வதுண்டு. இரண்டிலும் அக்கானி இறங்கும். சீவிய பாளையில் நுங்கு காய்க்காது, ஆகவே அக்கானியில் போட்டுத் தரும் நுங்கு வேறு மரத்தினுடையது. கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவியிருக்கும். சொட்டுகிற சாற்றில் காற்றிலிருந்து நொதி விழுந்து சர்க்கரையைச் சாராயமாக்கத் தொடங்குவதைச் சுண்ணாம்பின் காரம் தடுக்கிறது. சுண்ணாம்பு இல்லையென்றால் அதே சாறு மதியத்துக்குள் கள். அக்கானிக்கும் கள்ளுக்கும் நடுவில் இருப்பது ஒரு விரல் சுண்ணாம்புதான் என்று சொன்னால் கூட்டத்தில் எல்லோருக்கும் விளங்கும்.

சுண்ணாம்பு கூடினாலும் கெடுதல். பால்போல வெளுத்திருந்து, நாக்கு வறண்டு சுரசுரத்தால் சுண்ணாம்பு அதிகம். குறைந்திருந்தால் விளிம்பில் சிறு குமிழிகள் ஓடும், நுரை தங்கும், நாக்கில் சுருக்கென்று குத்தும், முகர்ந்தால் புளித்த மாவு வாசம் வரும். நல்ல அக்கானி இலேசாக மங்கித் தெளிந்து, பாளையின் பச்சை வாசத்தோடு இருக்கும். பானையின் அடியில் தங்கும் சுண்ணாம்பை அசைக்காமல் மேலாக ஊற்றச் சொல்லுங்கள். சீனித்தண்ணீர் கலந்தால் இனிப்பு முன்னால் வந்து உடனே மறையும், பின்மணம் இருக்காது. வெறும் கண்ணால் அதைப் பிடிக்க முடியாது, நாக்குதான் கருவி. அதனால் நடைக்கு ஒரு பனையேறியிடமோ அவருடைய வீட்டாரிடமோ நேராகப் பேசிவைப்பது நல்லது. தேதி சொன்னால் வருவார்கள். பேசியதைவிடக் கூடுதலாக ஐந்து பேருக்கு வாங்கிக்கொள்ளுங்கள், அவர்கள் உழைப்புக்கு அது சரி.

சுவைக்கும் முறை இது. பனையோலைப் பட்டை பிடித்துக் குடிக்கத் தெரியாதவர்கள் சட்டையில் ஊற்றிக்கொள்வார்கள். இரண்டு கையாலும் விளிம்பை உள்நோக்கிக் குவித்து, மூக்கு ஓலைக்குள் இருக்கும்படி பிடிக்கச் சொல்லுங்கள். ஓலையின் மணமும் சேர்ந்தால்தான் அது முழுச் சுவை. கண்ணாடித் தம்ளரில் பாதி போய்விடும். முதல் சுற்று ஆளுக்கு 60 மில்லி, வெறும் அக்கானி. இரண்டாவது சுற்று இளநுங்கை விரலால் பிசைந்து போட்டு 100 மில்லி. மூன்றாவதாக ஒரு துண்டு கருப்பட்டியும் ஒரு துண்டு பனங்கற்கண்டும் நாக்கில். ஒரே சாறு மூன்று நிலையில். ஒரு கிலோ கருப்பட்டிக்குச் சுமார் எட்டு லிட்டர் அக்கானி காய்ச்ச வேண்டும் என்பதை இந்த இடத்தில் சொன்னால் விலை ஏன் அப்படி என்று யாரும் கேட்கமாட்டார்கள். பனங்கற்கண்டுக்கு இன்னும் பொறுமை வேண்டும். காய்ச்சிய பாகைப் பானையில் அசையாமல் வாரக்கணக்கில் வைத்தால்தான் மணி கட்டும்.

சர்க்கரை நோய் உள்ளவர்களிடம் முதல் சுற்றோடு நிறுத்தச் சொல்லத் தயங்க வேண்டாம். "இயற்கையானது, ஒன்றும் செய்யாது" என்று எந்த வழிகாட்டியும் சொல்லக்கூடாது. அக்கானியில் பத்து சதவீதத்துக்கு மேல் சர்க்கரை. அரை மணி நேரத்தில் கழிப்பறை தேவைப்படும் என்பதும் கணக்கில் இருக்க வேண்டும்; அடுத்த நிறுத்தம் மீனாட்சிபுரம் அண்ணா பேருந்து நிலையத்தை ஒட்டியோ, உட்கார இடம் தரும் ஓட்டல் பக்கத்திலோ இருந்தால் தப்பித்தீர்கள்.

மணிக்கூண்டு மூலம் திருநாள் மகாராஜாவின் வருகையை ஒட்டிக் கட்டி 1893-ல் திறந்தது. நிழலைப் பார்த்து நின்று இரண்டு நிமிடத்தில் முடியுங்கள். வெயிலில் நிற்கவைத்துச் சொல்லும் வரலாறு யார் மண்டையிலும் தங்காது. 1956 நவம்பர் 1 வரை இந்த மாவட்டம் திருவிதாங்கூர் கொச்சியோடு இருந்தது என்ற ஒரு வரியை மட்டும் விட்டுவிடாதீர்கள். தட்டில் பப்படமும் புட்டும் அவியலும் பிரதமனும் ஏன் என்பதற்குப் பாதி விடை அதில் இருக்கிறது.

தேனை உட்கார்ந்து சுவைக்க வேண்டும். இரண்டு வகை போதும்: மார்த்தாண்டம் பக்கத்துப் பெட்டித் தேன், சிறுதேன். ஆளுக்குக் கால் தேக்கரண்டி வீதம், தட்டையான மரக்குச்சியில். இங்கே பெட்டித் தேனில் பெரும்பகுதி ரப்பர் தோட்டத்தில் எடுப்பது. குளிர்காலத்தில் இலை உதிர்ந்து, மாசியில் துளிர்க்கும்போது இலைக்காம்பில் இருக்கும் சுரப்பிகளில் ஊறும் தேனை ஈக்கள் எடுக்கின்றன; பூவிலிருந்து வருவதில்லை. இந்தத் தேன் சீக்கிரம் உறையும். உறைந்தால் சீனி கலந்தது என்று பலர் வீசிவிடுகிறார்கள், அது தவறு. தண்ணீரில் சொட்டுவிடுவது, தீக்குச்சியைத் தோய்த்துக் கொளுத்துவது எல்லாம் சோதனையே இல்லை, அவை அடர்த்தியைத்தான் காட்டும். கூட்டத்துக்கு முன்னால் அந்த வித்தையைச் செய்யாதீர்கள். சிறுதேன் கொட்டாத சின்ன ஈயினுடையது. நீர்த்திருக்கும், புளிப்பும் ஒரு மெல்லிய கசப்பும் கூடவரும். ஒரு கூட்டிலிருந்து ஆண்டுக்குச் சில நூறு கிராம்தான் தேறும் என்பதால் விலை பல மடங்கு. பெட்டித் தேன் முதலில், சிறுதேன் பிறகு. ஒரு வயது நிரம்பாத குழந்தைக்கு எந்தத் தேனும் கூடாது.

ஏத்தங்காய் சிப்ஸ் கடையில் எண்ணெய்ச் சட்டி காய்கிற நேரத்தை முதல் நாளே கேட்டுவையுங்கள். பொட்டலத்தில் வாங்கிக் கொடுக்கிற சிப்ஸுக்கு ஒரு நடை எதற்கு? காயைத் தோலுரித்து மஞ்சள் தண்ணீரில் போட்டுக் கறையை எடுப்பார்கள். துடைத்து, காய்ந்த தேங்காயெண்ணெய்க்கு மேலேயே சீவுகட்டையைப் பிடித்து நேராகச் சீவி விழவைப்பார்கள். முக்கால் பதம் வந்து சலசலப்பு அடங்கும்போது உப்புத் தண்ணீரை ஒரு கரண்டி எண்ணெய்க்குள் ஊற்றுவார்கள்; சடசடவென்று பொங்கும். எண்ணெயில் உப்பு கரையாது, அதனால் தண்ணீரில் கரைத்து ஊற்றினால்தான் ஒவ்வொரு துண்டிலும் சமமாக ஏறும். கூட்டத்தை அந்த நேரம் இரண்டு அடி பின்னால் நிறுத்துங்கள். காய் கொஞ்சம் பழுக்கத் தொடங்கியிருந்தால் சிப்ஸ் நடுவில் சிவந்து மெத்தென்று ஆகும். சட்டியிலிருந்து எடுத்தவுடன் மொறுமொறுப்பு இருக்காது. மூன்று நான்கு நிமிடம் ஆறவிட்டுக் கொடுங்கள்.

கோட்டாறு கம்போளத்தில் ஒன்பதேமுக்கால். பழைய வணிகத் தெரு, குறுகலானது, சுமைவண்டிகள் வரும், ஒற்றை வரிசை. கருப்பட்டி, கிராம்பு, முந்திரிக்கொத்து மூன்றை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். நல்ல கருப்பட்டி மங்கலாக இருக்கும். உடைத்த பக்கம் சர்க்கரைப் பொடிபோல் மினுங்கினால் சீனி கலந்தது. வீட்டில் காப்பிக்குப் போடுகிறவர்களுக்கு ஒரு குறிப்பு: முதலில் தண்ணீரில் கரைத்து வடிகட்ட வேண்டும், மண்ணும் சுண்ணாம்பும் அடியில் தங்கும். பாலோடு சேர்த்துக் கொதிக்கவைத்தால் திரிந்துபோகலாம். கன்னியாகுமரி கிராம்புக்கு 2021-ல் புவிசார் குறியீடு வந்தது. நகத்தால் கிராம்பின் தண்டை அழுத்தினால் எண்ணெய் கசிய வேண்டும். தண்ணீரில் போட்டால் மூழ்கவோ நேராக நிற்கவோ செய்யும். படுத்து மிதந்தால் எண்ணெய் எடுத்த சக்கை.

முந்திரிக்கொத்தில் முந்திரிப்பருப்பு இல்லை. அந்தப் பருப்பு ஒவ்வாதவர்கள் பெயரைக் கேட்டுப் பயந்து ஒதுங்குவார்கள். கடையில் கேட்டு உறுதி செய்துவிட்டுக் கொடுங்கள். வறுத்து உடைத்த சிறுபயறு, வறுத்த தேங்காய், எள், ஏலம், சுக்கு எல்லாவற்றையும் கருப்பட்டிப் பாகிலோ வெல்லப் பாகிலோ உருட்டி, மஞ்சள் சேர்த்த மாவில் தோய்த்து, மும்மூன்றாகச் சேர்த்து எண்ணெயில் போடுவது. மூன்றும் கொத்தாக ஒட்டிக்கொண்டு வரும். பாகு இளகலாக இருந்தால் இரண்டாம் நாளே பூஞ்சை பூக்கும். சரியான பாகென்றால் வாரக்கணக்கில் இருக்கும். ஆளுக்கு ஒரு உருண்டை, கொத்து வேண்டாம்.

சவேரியார் பேராலயம் கோட்டாறிலேயே. 1752-ல் காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டு, 2022 மே 15-ல் புனிதராக அறிவிக்கப்பட்ட தேவசகாயத்தின் கல்லறை உள்ளே இருக்கிறது. திருவிழா டிசம்பர் 3-ஐ ஒட்டி. அந்த நாட்களில் இந்தப் பகுதியில் கூட்டமாக நடப்பது கடினம், நடையைத் தள்ளிவையுங்கள்.

பத்தரைக்கு மரச்சீனியும் மீன்கறியும். மரச்சீனியைத் திருவிதாங்கூரில் பரப்பியதில் 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜாவுக்குப் பெரும்பங்கு உண்டு. பஞ்சகாலத்துக்குத் துணையாக வந்த கிழங்கு இன்று விருந்தாகிவிட்டது. தோண்டிய கிழங்கு இரண்டு மூன்று நாளில் கெடத் தொடங்கும். ஒடித்துப் பார்த்தால் வெள்ளையாக இருக்க வேண்டும், கரும்நீலக் கோடுகள் ஓடினால் வேண்டாம். இரண்டு தோலையும் உரித்து, நிறைய தண்ணீரில் வேகவைத்து அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும்; கிழங்கில் இருக்கும் நச்சுத்தன்மை அதோடு போகும். கசக்கிற கிழங்கைத் தட்டில் வைக்கவே கூடாது. தேங்காய், மிளகாய், பூண்டு, சீரகம் சதைத்துப் போட்டு மயக்கி எடுத்தால் ஒரு குழைவு வரும். அதன்மேல் தேங்காய் அரைத்த சாளைக்கறியோ அயிலைக்கறியோ (அயிலை என்பது கானாங்கெளுத்தி). மெல்லிய முள்ளைப் பார்த்துத் திணறுகிறவர்களுக்கு அயிலையைக் கொடுங்கள், நடுமுள்ளிலிருந்து சதை கழன்று வரும். கையால் சாப்பிடப் பழகாதவர்களுக்குக்கூடக் கரண்டி கொடுக்காதீர்கள். முள் விரலுக்குத்தான் தெரியும்.

நாகர்கோவில் சந்திப்பு ரயில் நிலையம் கோட்டாறுக்குப் பக்கத்தில்தான் என்பதால் சிலர் அப்படியே ரயில் ஏறுவார்கள். சிப்ஸும் கருப்பட்டியும் முந்திரிக்கொத்தும் தாராளமாகப் போகலாம். மட்டி வேண்டுமென்றால் இன்னும் பச்சையாக இருக்கும் சீப்பாகக் கேட்டு வாங்கி, பையின் மேல்தட்டில் வைக்கச் சொல்லுங்கள். அக்கானியைப் பாட்டிலில் அடைத்துக் கொடுக்கக் கேட்டால் கொடுக்காதீர்கள். மூடியைத் திருகி வெயிலில் வைத்தால் காற்று உப்பிப் பாட்டில் வெடிக்கும். வெடிக்காமல் ஊர் போய்ச் சேர்ந்தாலும் அதற்குள் அது அக்கானியாக இருக்காது.